இன்னொருக்கா மயில்சாமி

குப்பம்மாளுக்குத் தர வேண்டிய கடன் பதினோரு ரூபாய். ஒரு கூடை பீன்ஸின் கிரயம். ஐம்பத்தாறாம் வருஷம் ஐப்பசியில் பட்டது, அறுபத்து மூணு வரை தீரவில்லை. பட்டவன் மயில்சாமி. வாயால் ஜாமீன் சொன்னவன் நான்.

மயில்சாமியைப் பற்றி யார் பேசினாலும் அவன் எடுத்த ‘மலைச்சுமை’ படத்தில்தான் தொடங்குவார்கள். மெட்ராஸில் கைதட்டினார்கள், பம்பாயில் கேடயம் கொடுத்தார்கள் என்பார்கள். எல்லாம் நிஜம்தான். ஆனால் அந்த மனுஷன் பிற்காலத்தில் ஏன் அப்படி ஒரு தினுசாகப் படம் எடுத்தான் என்று தெரிய வேண்டுமானால் அந்தக் கூடையில்தான் தொடங்க வேண்டும்.

முதலில் நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். அப்துல் குத்தூஸ். மூணாங்கிளாஸ் தாண்டவில்லை. வத்தலக்குண்டிலிருந்து அத்தாவோடு பொதிக்கழுதை பத்திக்கொண்டு மலையேறின பயல், முப்பது வயசுக்குள் கோடைக்கானல் பஜாரில் காய்கறி மண்டி, செண்பகனூர் ரோட்டோரம் எடைக்கொட்டகை, சொந்த லாரி, சொந்த ஜீப் என்று ஆனேன். எவன் கையையும் பிடித்து ஏறவில்லை. என் கையெழுத்து கோணலாக இருக்கும். அந்தக் கோணல் கையெழுத்துக்கு மதுரை மார்க்கெட்டில் ரொக்கம் எண்ணி வைப்பார்கள். இதையெல்லாம் எழுதும்போது நெஞ்சு நிமிரத்தான் செய்கிறது. இன்னும் நாலு பக்கம் போனால் குனிய வேண்டியிருக்கும், அதனால் இப்போதே நிமிர்ந்துகொள்கிறேன்.

மயில்சாமி செண்பகனூர்க்காரன், என் வயசு. அவன் அப்பா ஒரு வெள்ளைக்காரர் பங்களாவில் தோட்ட வேலை. இவன் கொஞ்ச காலம் வத்தலக்குண்டு டூரிங் டாக்கீஸில் ஆபரேட்டருக்குக் கையாளாக இருந்து, மெஷின் ஓட்டவும் அறுந்த பிலிமை ஒட்டவும் கற்றுக்கொண்டு திரும்பி வந்தான். ஐம்பத்தஞ்சில் அந்த வெள்ளைக்காரர் வீட்டுச் சாமான்களை ஏலம் போட்டுவிட்டுக் கப்பல் ஏறினார். கட்டிலுக்கும் பீரோவுக்கும் போட்டி. தோல் பெட்டிக்குள் ஒரு சினிமா கேமரா கிடந்தது, அதைக் கேட்பாரில்லை. மயில்சாமி என் சட்டையைப் பிடித்து இழுத்தான்.

“குத்தூஸு, எடுத்துப் போடுரா. ஒனக்குப் புண்ணியமாப் போகும்.”

“புண்ணியத்துக்கு நான் பள்ளிவாசல்ல குடுத்துக்கிருவேன். இது எதுக்கு ஆகும்?”

“இந்த மலையில எத்தன சனம் எத்தன பாடு படுது. ஒருத்தனுக்கும் தெரியாது. இது தெரிய வைக்கும்.”

நூற்றிருபது ரூபாய்க்கு எடுத்தேன். ஆக, அவ்வளவு பேர் வாங்கின டைரக்டருக்கு முதல் கேமரா வாங்கிக் கொடுத்தது மண்டிக்காரன் குத்தூஸ். எந்தப் பேப்பரிலும் இது வந்ததில்லை, அதனால் இங்கே போடுகிறேன்.

அது சாவி கொடுத்து ஓட்டுகிற கேமரா. பக்கவாட்டில் ஒரு பிடி இருக்கும். கடிகாரத்துக்கு முறுக்குகிற மாதிரி முறுக்க வேண்டும், தவளை கத்துகிற மாதிரி கர்ர் கர்ர் என்று சத்தம் வரும். முழுசாக முறுக்கினால் அரை நிமிஷம் ஓடும், அப்புறம் தானே நின்றுவிடும். பிலிம் சுருளோ தங்க விலை. கழுவுவதற்கு பம்பாய்க்கு அனுப்பிவிட்டு வாரக்கணக்கில் காத்துக் கிடக்க வேண்டும். அதனால் மயில்சாமி கஞ்சனாகப் படம் எடுத்தான். கஞ்சனுக்கு ஒரு குணம் உண்டு. தன் கையில் இருப்பதைச் செலவு செய்ய மாட்டான், அடுத்தவன் கையில் இருப்பதைத் தாராளமாகச் செலவழிப்பான். பிலிம் வீணாகக் கூடாது, ஆகவே ஆட்கள் திரும்பத் திரும்பச் செய்து காட்ட வேண்டும். பட்டை உரிக்கிறவன் ஒரே மரத்தில் மூன்று தடவை கத்தியை வைக்க வேண்டும். “இன்னொருக்கா அண்ணே.” “இன்னொருக்கா அக்கா, கொஞ்சம் மெதுவா.” பஜாரில் அதுவே அவனுக்குப் பேராகிவிட்டது. டீக்கடையில் கிளாஸை நீட்டுகிறவன், “மயிலு, குடுத்தது செரியா, இன்னொருக்கா குடுக்கவா?” என்பான். கூட இருக்கிறவர்கள் சிரிப்பார்கள். இவனும் சிரிப்பான்.

பேத்துப்பாறைக்கு அப்போது ரோடு கிடையாது. பள்ளத்தில் விளைகிற பீன்ஸும் உருளையும் பொம்பளைகள் தலையில்தான் மேலே வரும். விடியுமுன்னே கிளம்பி, முக்கால்வாசித் தூரம் செங்குத்தாக ஏறி, என் எடைக்கொட்டகைக்கு வந்து சேருவார்கள். என் லாரி செவ்வாயும் வெள்ளியும் மத்தியானம் மூன்று மணிக்கு மதுரைக்குக் கிளம்பும். என் லாரி கிளம்புவதைப் பார்த்துக் கடிகாரத்தைத் திருத்திக்கொள்ளலாம் என்று செண்பகனூரில் சொல்வார்கள். எனக்கு அதில் அப்படி ஒரு பெருமை.

அந்த ஏற்றத்தைப் படமாக எடுத்து அதிகாரிகளுக்குப் போட்டுக் காட்டினால் ரோடு வரும் என்று மயில்சாமிக்கு நினைப்பு. நல்ல நினைப்புதான். பிலிமுக்குப் பாதிப் பணம் நான் கொடுத்தேன். கைம்மாறாக நான் கேட்டது ஒன்றே ஒன்று. லாரியின் நெற்றியில் ‘அ. குத்தூஸ், காய்கறி மண்டி, கோடைக்கானல்’ என்று புதுசாகப் பெயிண்ட் அடித்த போர்டு இருந்தது. அது வெயிலில் பளிச்சென்று படத்தில் விழ வேண்டும்.

குப்பம்மாள் பேத்துப்பாறைக்காரி, எங்களைவிட ஏழெட்டு வயசு மூத்தவள். அதுவரை கூலிச் சுமைதான் சுமந்தாள். அந்த வருஷம்தான் புருஷன் நல்லுசாமியும் அவளும் கால் ஏக்கர் நிலத்தைத் திருத்திச் சொந்தமாகப் பீன்ஸ் போட்டிருந்தார்கள். விதை என் மண்டியில் கடனுக்கு வாங்கியது. அன்றைக்கு அவள் தலையில் இருந்தது அவளுடைய சொந்தக் காய், முதல் பறிப்பு. தீபாவளி விலை.

நான் மேலே கொட்டகையில் நின்றேன். சரிகைத் தொப்பி, புதுக் கோட்டு, படத்துக்காகப் போட்டது. அங்கிருந்து பார்த்தால் கீழே வழுக்குப்பாறைத் திருப்பம் அப்படியே தெரியும். மற்றப் பொம்பளைகள் ஏறி வந்துவிட்டார்கள். குப்பம்மாளை மட்டும் மயில்சாமி நிறுத்திக்கொண்டான். அவள் நடை அவனுக்குப் பிடித்துப்போயிருந்தது. ஒரு தடவை ஏறினாள். பாதியில் சாவி தீர்ந்துவிட்டது.

“இன்னொருக்கா அக்கா.”

இறங்கிப் போய் மறுபடி ஏறினாள். திருப்பத்துக்கு வரும்போது மஞ்சு இறங்கிப் பனிப்புகையாக மூடிவிட்டது. அது விலகுகிற வரைக்கும் கூடையை இறக்காமல் நின்றாள். இறக்கினால் தூக்கிவிட ஆள் வேண்டும், மற்றவர்கள் எல்லாரும் மேலே வந்துவிட்டார்களே.

“இன்னொருக்கா அக்கா. இதான் கடைசி. இது நல்லா வந்தா ஒங்க ஊருக்கு ரோடு வந்திரும்.”

“ரோடு வாரது இருக்கட்டும்லே, லாரி போயிரும்.”

“லாரி நம்ம குத்தூஸ் லாரிதானக்கா.”

இதை அவள்தான் பிற்பாடு சொன்னாள். ‘நம்ம குத்தூஸ் லாரி’ என்று அவன் சொன்ன தெம்பில்தான் மூன்றாம் தடவை இறங்கியிருக்கிறாள்.

மூன்றாவது தடவை நன்றாக வந்துவிட்டது. வந்ததும் மயில்சாமி கேமராவைத் தூக்கிக்கொண்டு குறுக்குப் பாதையில் என்னிடம் ஓடி வந்தான். மூச்சு வாங்கியது. “வெயில் போகப் போகுது. லாரியக் கெளப்பச் சொல்லு, போர்டுல வெளிச்சம் விழுது.”

டிரைவர் சுப்புராஜ் கீழே எட்டிப் பார்த்தான். “மொதலாளி, குப்பம்மா வந்துக்கிட்டிருக்கு. பத்து நிமிஷம் நிக்கவா?”

நான் கடிகாரத்தைப் பார்த்தேன், வெயிலைப் பார்த்தேன், போர்டைப் பார்த்தேன். “எவளுக்காகவும் என் லாரி நிக்காது. எடு.”

லாரி போனது. போர்டு மின்னியது. கேமரா ஓடியது. புழுதி அடங்கும்போது குப்பம்மாள் மேட்டில் தலை காட்டினாள்.

அடுத்த லாரி வெள்ளிக்கிழமை. மஞ்சில் நனைந்த பீன்ஸ் கூடைக்குள் சூடேறி இரண்டு நாளில் அழுகிவிடும். ஊர்ச் சந்தை ஞாயிற்றுக்கிழமைதான். அவளுக்கு யாரும் எதுவும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. கூடையை இறக்கி வைத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தாள். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு, சத்தம் இல்லாமல் அழுதாள்.

அப்போது எனக்குப் பின்னால் அந்தச் சத்தம் கேட்டது. கர்ர், கர்ர். மயில்சாமி சாவி முறுக்கிக்கொண்டிருந்தான். சுருளில் இன்னும் கொஞ்சம் மிச்சம் இருந்தது.

எடுத்து முடித்த பிறகுதான் அவனுக்குள்ளே மனுஷன் திரும்பி வந்தான். ஓடிப்போய் அவள் முன்னால் குந்தினான். “அக்கா, கூடை என்ன வெல போகும்?”

“பதினொண்ணு போகும்.”

“நான் தாரேன்க்கா. படம் முடிஞ்ச கையோட தாரேன். குத்தூஸ் சாட்சி.”

“நான் இருக்கேன், போ” என்றேன் நான். கோட்டுப் பையில் அப்போது முந்நூறு ரூபாய் இருந்தது. மண்டிப் பணத்தில் கை வைக்கக் கூடாது என்பது என் கொள்கை. கொள்கை உள்ளவனாக நின்றேன்.

படத்துக்கு மெட்ராஸில் குரல் சேர்த்தார்கள். ரேடியோவில் பேசுகிற மாதிரிக் கட்டைக் குரல் ஒருத்தர். அந்த இடம் வரும்போது அவர் சொல்வார்: “சாலை இல்லாத மலை. லாரி போய்விட்டது. விற்காத காயோடு அமர்ந்திருக்கிறாள் இந்தத் தாய்.” அந்த இடத்தில்தான் எல்லா ஊரிலும் கைக்குட்டையை எடுத்தார்கள். கேடயம் கொடுத்தபோது அந்த ஒரு துண்டைத்தான் புகழ்ந்து பேசினார்களாம். மயில்சாமி தபாலில் அதை எனக்கு எழுதினான். குப்பம்மாளைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

பிறகு அவன் பெரிய ஆள். தோட்டத் தொழிலாளி, தொழுநோய் ஆஸ்பத்திரி, தோல் பதனிடுகிற ஊர் என்று எங்கெங்கோ போய்ப் படம் எடுத்தான். ஏழைக்காகப் படம் எடுக்கிறவர் என்று பேர். ஊருக்கு வருவான், என் வீட்டில் சாப்பிடுவான். அவனிடம் அந்தப் பதினோரு ரூபாயை நான் ஞாபகப்படுத்தினால் என் ஜாமீனும் ஞாபகத்துக்கு வரும், அதனால் சும்மா இருந்தேன். முதலில் அவனிடம் கொடுக்கப் பணம் இல்லை. பணம் வந்தபோது வருஷம் ஓடிவிட்டது, இத்தனை நாள் கழித்துப் பதினோரு ரூபாயை எப்படி நீட்டுவது என்று கூச்சம். கூச்சம் ஏற ஏறக் கடன் கெட்டிப்பட்டுவிட்டது. இதற்குள் குப்பம்மாள் என் விதைக் கடனை அடைத்துவிட்டாள். நாற்பது நடை கூலிச் சுமை சுமந்து, கூலியில் கழித்து அடைத்தாள். நானும் கழித்துக்கொண்டேன். கணக்கு கணக்குதானே என்றேன்.

பேத்துப்பாறைக்கு மண் ரோடு போட்டார்கள். படத்தினால்தான் வந்தது என்று ஊரெல்லாம் சொன்னார்கள். மயில்சாமி அந்த ரோட்டில் ஒரு நாளும் கால் வைக்கவில்லை. கேட்டால் சோலி இருக்கு என்பான். என் வீட்டுக்காரி ஹமீதுன்னிசா ஒருநாள் சோறு போட்டுக்கொண்டே கேட்டாள். “அண்ணே, ஊரெல்லாம் போட்டுக் காட்டுறீங்களே, பேத்துப்பாறையில மட்டும் ஏன் போடல? அங்க கண்ணில்லாத சனமா?” அவன் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான். நான் அவளை முறைத்தேன்.

அறுபத்து மூணு தையில் எங்க அத்தா மவுத்தானார்கள். எங்களில் ஒரு வழக்கம் உண்டு. சந்தூக்கை, அதாவது மையத்துப் பெட்டியை, தூக்குவதற்கு முன்னால் மூத்த மகன் கூட்டத்தைப் பார்த்து நின்று கேட்க வேண்டும்: இவர் யாருக்காவது கடன் பாக்கி வைத்திருந்தால் சொல்லுங்கள், நான் பொறுப்பு. கடனோடு ஒருவரை மண்ணுக்குள் வைக்கக் கூடாது.

பஜார் முழுக்க வந்திருந்தது. அத்தா கழுதை பத்தின ஆள்தான். ஆனால் என் மண்டி வாசலில் அமர்ந்து சுமைக்காரப் பொம்பளைகளுக்கு டீ வாங்கிக் கொடுத்துக்கொண்டே இருப்பார்கள். அதனால் மலைப் பொம்பளைகளும் வந்து தெருவோரம் நின்றார்கள். குப்பம்மாளும் நின்றாள். மயில்சாமி மதுரையிலிருந்து டாக்ஸி பிடித்து வந்து என் பக்கத்தில் நின்றான்.

நான் குரலை உயர்த்திக் கேட்டேன். பத்துப் பைசா பாக்கி இருந்தாலும் இங்கேயே வைக்கிற வசதி எனக்கு இருக்கிறது என்று எல்லாருக்கும் தெரியட்டும் என்ற குரல் அது. சாவு வீட்டில்கூட அப்படித்தான் பேச வந்தது. “எங்க அத்தா யாருக்காச்சும் கடன் பட்டிருந்தா சொல்லுங்க. எவ்வளவா இருந்தாலும் குத்தூஸ் குடுப்பான்.”

அத்தாவுக்குக் கடன் இல்லை. அப்போது குப்பம்மாள் தெருவோரத்தில் இருந்தபடியே, சண்டைக் குரலாக இல்லாமல், வழி கேட்கிற மாதிரிக் கேட்டாள்.

“பாய், செத்தவுக கடனுக்கு ஒங்ககிட்ட கேக்கச் சொல்றீக. உசிரோட இருக்கவுக கடனுக்கு யாருகிட்டக் கேக்கணும்?”

அவ்வளவுதான். பஜாரில் பாதிப் பேருக்கு அது என்ன என்று புரியவில்லை. சுப்புராஜுக்குப் புரிந்தது, தலையைத் தொங்கப் போட்டான். மயில்சாமியின் கை சட்டைப் பைக்குப் போனது.

“இங்க வேண்டாம்லே” என்றாள். “பெரியவரு கெடக்குற எடத்துல நான் கைநீட்ட மாட்டேன். அவரு எனக்கு டீ வாங்கிக் குடுத்தவரு. ஊருக்கு வந்து குடு. வரும்போது அந்தப் படத்தையும் கொண்டாந்து போடு. மெட்ராஸ்காரனெல்லாம் என்னியப் பாத்துட்டான். நான் இன்னும் பாக்கல.”

அத்தாவின் கபரில் மூன்று பிடி மண் போட வேண்டியவன் எண்ணிக்கை தப்பி நாலாவதும் அள்ளினேன். துக்கம் என்று நினைத்து எல்லாரும் தோளைப் பிடித்துக்கொண்டார்கள்.

மறு வாரமே கிளம்பினோம். மெஷின், பெட்ரோல் இன்ஜின், ஜன்னலை மறைக்க என் மண்டிச் சாக்குகள் எல்லாம் ஜீப்பில். புறப்படுகிறதுக்கு முன்னால் மயில்சாமி கொட்டகைத் தரையில் உட்கார்ந்து படச் சுருளை வெளிச்சத்துக்கு நேரே பிடித்து, அந்தத் துண்டைத் தேடி எடுத்தான். பக்கத்தில் கத்தரிக்கோல் இருந்தது.

“வெட்டிரு” என்றேன். “லாரி போறதோட முடிச்சிட்டு ஒட்டிரு. யாருக்குத் தெரியும்? காசையும் குடுத்துட்டு வந்திருவோம். மானம் மிஞ்சும்.”

ரொம்ப நேரம் பிலிமைப் பிடித்துக்கொண்டே இருந்தான். அந்தத் துண்டு போனால் அவமானம் இல்லை. அது இருந்தால், அந்த ஊரில் இனி அவனுக்கு முகம் இல்லை. கத்தரிக்கோலைப் பெட்டிக்குள் போட்டான்.

“அவ மொகம் குத்தூஸு. மொதல்ல அவ பாக்கட்டும்.”

பிற்காலத்தில் அவனுடைய வழக்கங்களைப் பற்றிப் படிச்ச ஆட்கள் என்னென்னமோ எழுதினார்கள். எந்த ஊரில் படம் எடுத்தாலும் முதலில் அந்த ஊரில்தான் போட்டுக் காட்டுவான். அவர்கள் வேண்டாம் என்ற இடத்தை வெட்டுவான். கேமராவைத் திறக்குமுன் அன்றையக் கூலியை ஆளுக்கு ஆள் கொடுத்துவிடுவான். ஒருவரையும் ஒரு காரியத்தைத் திரும்பச் செய்யச் சொல்ல மாட்டான். மஞ்சு மூடினால் மூடினதுதான், சாவி தீர்ந்தால் தீர்ந்ததுதான். அறுபத்தெட்டில் சிலோனிலிருந்து வந்த சனங்களைப் படம் பிடிக்கப் போனபோது ஜீப் ஓட்டினது நான். மரமேறுகிற மாதிரி ஒரு கிழவர் கூடாரக் கம்பத்தில் ஏறிக் கயிறு கட்டினார், அருமையான காட்சி. மயில்சாமி கேமராவை எடுப்பதற்குள் இறங்கிவிட்டார். “தொரை, மெத்த ஆசையா இருந்தா இன்னொருக்கா ஏறவா?” என்று அவரே கேட்டார். மயில்சாமி கேமராவைக் கீழே வைத்துவிட்டான். “வேண்டாங்கய்யா. ஒக்காருங்க” என்றான். இதெல்லாம் எங்கே படிச்சீங்க என்று மெட்ராஸ் ஆட்கள் கேட்டால் சிரித்து மழுப்புவான். அவன் படித்த இடம் பேத்துப்பாறை ஸ்கூல் அறை. கூடப் படித்தவன் நான்.

அன்றைக்கு அந்த மண் ரோட்டில் மயில்சாமி முதல் தடவையாக இறங்கினான். வழி முழுக்கத் தரையையே பார்த்துக்கொண்டு வந்தான்.

அறைக்குள் ஊரே அடைத்துக்கொண்டது. ஜன்னலில் சாக்கு, சுவரில் வெள்ளை வேட்டி. குப்பம்மாள் முதல் வரிசையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள், பக்கத்தில் நல்லுசாமி. படம் ஓடினதும் ஒரே கூத்து. “ஏய், அது நம்ம கருப்பன்டா.” “வடிவு, ஒன் நடையப் பாருடி, வாத்து மாதிரி.” இரண்டு வருஷத்துக்கு முந்திச் செத்துப்போன ஒருத்தி சுமையோடு சிரித்துக்கொண்டு வந்தாள். அவள் மகள் எழுந்து போய் வேட்டியைத் தொட்டுப் பார்த்துவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

அப்புறம் நான் வந்தேன். தொப்பியும் கோட்டும். “பாய் மாப்பிள்ளையாட்டம் இருக்காரு, பொண்ணு எங்கப்பா?” என்று ஒரு குரல். எல்லாரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். குப்பம்மாள் வழுக்குப்பாறை ஏறி வந்தாள். நல்ல நடைதான், அதில் பொய் இல்லை. லாரி புறப்பட்டது. என் போர்டு பளிச்சென்று வேட்டி அகலத்துக்கு மின்னியது. ஆறு வருஷமாக நான் ஆசைப்பட்ட காட்சி. அதைப் பார்க்க முடியாமல் கால் கட்டைவிரலைப் பார்த்தேன்.

அப்புறம் அவள் முகம். முந்தானை, கூடை, கண்ணீர். கட்டைக் குரல் சொன்னது: “சாலை இல்லாத மலை. லாரி போய்விட்டது.”

நல்லுசாமி நிதானமாகக் கேட்டான். “லாரி எப்படிலே போகும்? அதுக்கு முன்னாடியே வந்திருப்பாளே. நீயில்ல இவள அந்த வழுக்குல மூணுவாட்டி ஏத்தி எறக்குன?”

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். அது அறை முழுக்கப் பரவியது. திட்டியிருந்தால் தாங்கியிருப்போம். படத்துக்குள் அழுகிறவளைப் பார்த்து ஊர் சிரிக்கவில்லை. அழ வைத்துவிட்டு அதற்கு வேறு காரணம் சொல்கிற எங்களைப் பார்த்துச் சிரித்தது. “மெட்ராஸ்காரன் நம்பிட்டானாக்கும்” என்று ஒரு கிழவி சொன்னாள், இன்னும் சிரித்தார்கள்.

மயில்சாமி மெஷினை நிறுத்தி விளக்கை அணைத்தான். இருட்டில் அவன் குரல் மட்டும் வந்தது.

“ஆமாங்க. ரோட்டுனால இல்ல. நாந்தான் தாமதமாக்குனேன். அது தெரிஞ்சேதான் அழுகையைப் படம் எடுத்தேன். தெரிஞ்சேதான் இப்படிப் பேச விட்டேன்.”

நானும் எழுந்து சொல்லியிருக்க வேண்டும், லாரி நிற்கட்டுமா என்று டிரைவர் கேட்டான், நான்தான் அனுப்பினேன் என்று. எனக்கு வாய் வரவில்லை. பஜாரில் ஏலம் கூப்பிட்டால் அடுத்த தெருவுக்குக் கேட்கிற வாய்.

குப்பம்மாள்தான் பேசினாள். “படத்தப் போடுப்பா. மிச்சத்தப் பாக்கணும்ல. அதுல என் சீலை என்ன நெறம்னே தெரிய மாட்டேங்குது.”

மிச்சம் இரண்டு நிமிஷம் ஓடி முடிந்தது. சாக்குகளை இறக்கினதும் வெளிச்சம் உள்ளே பாய்ந்தது. மயில்சாமி அவள் முன்னால் போய் நின்றான்.

“அந்த எடத்த வெட்டிரவாக்கா?”

அவள் யோசித்தாள். “எதுக்கு வெட்டணும்? நான் அழுதது நெசந்தான. ஏன் அழுதேங்கிறத மாத்திச் சொல்லு.”

அப்படியே செய்தான். கட்டைக் குரலை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் தன் சொந்தக் குரலில், இவரைத் தாமதப்படுத்தியது நான் என்று சேர்த்தான். படம் கெட்டுப்போச்சு என்றார்கள் மெட்ராஸில். அதற்கப்புறம் அதற்குக் கேடயமும் இல்லை, கைக்குட்டையும் இல்லை. அவன் வேறு மாதிரி அதைப் போட்டதில்லை.

வெளியே ஸ்கூல் முற்றத்தில் ஊர் சுற்றி நின்றது. நான் முந்திக்கொண்டேன். பையிலிருந்து ஒரு நூறு ரூபாய் நோட்டை எடுத்து, ஆறு வருஷத்து வட்டியோட வச்சுக்க அக்கா என்று நீட்டினேன். நாலு பேர் பார்க்க நீட்டினேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். மயில்சாமி ஜீப்பில் கிடந்த கேமராப் பெட்டியைத் திறக்கவே இல்லை. நான் நீட்டுவது படமாகிறதா என்று அதையும் ஒரு தடவை பார்த்துக்கொண்டேன்.

அவள் நோட்டைத் தொடவில்லை. “நூறு ரூவாக்கு நான் என்ன வித்தேன் பாய்? பீன்ஸ் பதினொண்ணு.”

மயில்சாமி பதினோரு ரூபாயைச் சில்லறையாக எண்ணி வைத்துக்கொண்டு வந்திருந்தான். அவன் கையை நீட்டினதும் அவள் தடுத்தாள்.

“நீ மட்டும் எதுக்குலே குடுக்க? ஏத்தி எறக்குனது நீ. லாரி யாரு லாரி? சுப்புராஜு எனக்கு அந்த வெள்ளிக்கெழமையே சொல்லிட்டான், நிக்கவான்னு கேட்டேன்னு.”

ஆறு வருஷமாக அவளுக்குத் தெரிந்திருக்கிறது. ஆறு வருஷமாக என் கொட்டகையில் கூடை இறக்கி, பாய் என்று கூப்பிட்டு, எடை போட்டுக்கொண்டு போயிருக்கிறாள்.

“ஆளுக்குப் பாதி” என்றாள். “சத்தமா எண்ணுங்க. கடன் பட்டது நாலு பேரு முன்னாடி, தீர்றதும் நாலு பேருக்குக் கேக்கட்டும்.”

உள்ளங்கையை விரித்து நீட்டினாள். மயில்சாமி அஞ்சு வரை எண்ணி, அரை ரூபாயும் வைத்தான். அப்புறம் நான். என்னிடம் நோட்டுதான் இருந்தது, சில்லறை இல்லை. நல்லுசாமி மடியை அவிழ்த்து, ஒரு பத்து ரூபாய் நோட்டை வாங்கிக்கொண்டு, ஒற்றை ரூபாய்களும் காசுமாகக் கொடுத்தான். அவர்கள் காசிலேயே அவர்களுக்கு எண்ணினேன். ஒண்ணு. “கேக்கல பாய்” என்றது பின்னால் ஒரு குரல். மறுபடி எண்ணினேன். ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு, அஞ்சு. கடைசியாக என் பங்கு அரை ரூபாயை, கூடைப் பிரிக்கயிறு அறுத்துக் காய்த்துப்போயிருந்த அந்தக் கையின் நடுவில் வைத்தேன்.